பொலித்தீன் கிண்ணமும் இடுப்பு எலும்பும்

விழுந்து நோவோடு கிடக்கும் முதியவரின் இரண்டு பாதங்களையும் பாருங்கள். ஒரு பாதத்தின் விரல்கள் முகட்டைப் பார்த்திருக்க, மற்றப் பாதம் வெளிப்பக்கமாகச் சரிந்து கிடக்கிறதா? அந்தக் கால் மற்றதைவிடக் கொஞ்சம் கட்டையாகத் தெரிகிறதா? அப்படியென்றால், எக்ஸ்ரே எடுக்கும் முன்னரே அனுபவமுள்ள தாதி ஒருவர் ஊகித்துவிடுவார்: இடுப்பு மூட்டுக்குப் பக்கத்தில் தொடை எலும்பு முறிந்திருக்கிறது. முறிந்த எலும்பைத் தசைகள் மேலே இழுப்பதால் கால் கட்டையாகிறது. பிடிமானம் இல்லாத காலை அதன் சொந்தப் பாரமே வெளியே திருப்பிவிடுகிறது.

இலங்கையின் வடக்கே எங்கள் வன்னியில் இதற்குப் பெரிய விபத்து எதுவும் வேண்டியதில்லை. கிணற்றடிப் பாசி, இருட்டில் காலில் தட்டுப்படும் விறகுக் கட்டை, மழை நனைத்த வாசற்படி போதும். எழுபது வயதைத் தாண்டியபின் எலும்பின் உறுதி குறைந்திருக்கும். நின்ற நிலையில் இருந்து விழுவதே முறிவதற்குப் போதுமானது. அதன்பின் வீட்டில் நடப்பதும் எங்களுக்குப் பழகியதுதான். முறிவு நெரிவு வைத்தியரைக் கூட்டி வருவார்கள். எண்ணெய் போட்டுக் கட்டுவார்கள். "இந்த வயசில அம்மம்மாவுக்கு ஒப்பரேசனோ? இருக்கும் மட்டும் நாங்களே பாத்துக்கொள்ளுவம்" என்று யாராவது சொல்வார்கள். அன்போடுதான் சொல்வார்கள். அந்த அன்பில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அந்த முடிவு தவறானது.

கை எலும்பு முறிந்தால், நேராக்கிக் கட்டிவிட்டுக் காத்திருந்தாலே பெரும்பாலும் பொருந்திவிடும். முறிவு வைத்தியர்களுக்கு ஊரில் பெயர் வாங்கிக் கொடுத்தவை அத்தகைய முறிவுகள்தான். தொடை எலும்பின் மேல்முனை வேறு வகை. அங்கே உருண்டையான ஒரு தலை இருக்கிறது; அந்தத் தலையையும் எலும்பின் தண்டையும் சரிவான ஒரு கழுத்து இணைக்கிறது. தலைக்குப் போகும் இரத்தக் குழாய்களில் பெரும்பாலானவை அந்தக் கழுத்தை ஒட்டியே ஏறுகின்றன. கழுத்து முறிந்து விலகும்போது அவையும் அறுந்துபோகின்றன. இரத்தம் கிடைக்காத தலை உள்ளுக்குள்ளேயே சாகத் தொடங்குகிறது. செத்த எலும்பு லேசில் ஒட்டாது. வெளியில் எத்தனை பத்துப் போட்டாலும், எத்தனை இறுக்கிக் கட்டினாலும், அறுந்த குழாய்கள் திரும்ப ஓடப்போவதில்லை.

இதற்கிடையில் படுக்கை தன் வேலையைத் தொடங்கிவிடும். சில நாட்களுக்குள் நாரியிலும் குதியிலும் புண். அசையாத நெஞ்சில் சளி கட்டி நிமோனியா. சிறுநீரில் கிருமி. காலின் நாளங்களில் இரத்தம் உறைந்து, உறைந்த கட்டி நுரையீரலுக்குப் போய் அடைத்துக்கொள்ளும் ஆபத்து. "விழுந்தவர், அதோடயே போட்டார்" என்று ஊரில் சொல்கிறோமே, அவரைக் கொண்டுபோனது முறிவு அல்ல, முறிவுக்குப் பிந்திய படுக்கை. எல்லா வசதியும் உள்ள நாடுகளிலேயே இடுப்பு முறிந்த முதியவர்களில் நான்கில் ஒருவர் அளவில் ஓராண்டுக்குள் இறந்துபோகிறார். அதனால்தான் பிரித்தானியாவில் இத்தகைய நோயாளியை 36 மணித்தியாலத்துக்குள் சத்திரசிகிச்சை மேசைக்குக் கொண்டுபோய்விட வேண்டும் என்று இலக்கு வைத்திருக்கிறார்கள். வயது போனதால் ஒப்பரேசன் வேண்டாம் என்று நாம் நினைக்கிறோம். வயது போனவர் நெடுநாள் படுத்திருக்கத் தாங்கமாட்டார் என்பதற்காகத்தான் அது வேண்டும்.

முறிவு கழுத்துக்குக் கீழே, எலும்பு அகலமான இடத்தில் என்றால், இரத்த ஓட்டம் தப்பியிருக்கும். அங்கே உலோகத் தகடோ உள்ளே செலுத்தும் ஆணியோ போட்டு எலும்பைப் பிடித்து வைக்கிறார்கள். முறிந்து விலகியது கழுத்து என்றால், சாகப்போகும் தலையை எடுத்துவிட்டு, அதே பருமனில் உலோக உருண்டை ஒன்றை நீண்ட தண்டோடு எலும்புக்குள் இறக்குகிறார்கள். அமெரிக்காவின் தென் கரோலினாவைச் சேர்ந்த ஒஸ்ரின் மூர் 1950களில் வடிவமைத்த உருண்டை இன்றைக்கும் அவருடைய பெயராலேயே தெற்காசிய வைத்தியசாலைகளில் அழைக்கப்படுகிறது. முழு மயக்கம்கூட எப்போதும் தேவையில்லை. முதுகில் ஓர் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மட்டும் மரக்கச் செய்யலாம். எல்லாம் சரியாக நடந்தால் அம்மம்மா மறுநாளே கட்டில் ஓரத்தில் காலைத் தொங்கப் போட்டு இருப்பா. அதற்கடுத்து வோக்கரைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்பா.

இது பாதி மாற்றம்தான். உருண்டை மட்டுமே மாறுகிறது. அது உட்கார்ந்து சுழலும் இடுப்பெலும்புக் குழி பழையதே. குழியும் தேய்ந்துபோன ஒருவருக்கு இரண்டையும் மாற்ற வேண்டும். அங்கேதான் மருத்துவம் பல ஆண்டுகள் திண்டாடியது. திண்டாடியதற்குக் காரணம், இயற்கை செய்துவைத்த மூட்டு அத்தனை அருமையானது என்பதே.

மூட்டில் சந்திக்கும் எலும்பு முனைகளைக் குருத்தெலும்பு போர்த்தியிருக்கிறது. தடிப்பு சில மில்லிமீற்றர்தான். அதில் இரத்தக் குழாய் இல்லை, நரம்பும் இல்லை. பாரத்தில் நான்கில் மூன்று பங்கு அளவில் தண்ணீர். கடற்பஞ்சை அமத்தி விடுவதுபோல, நாம் காலை ஊன்றும்போது அதற்குள் இருக்கும் நீர் வெளியே பிதுங்குகிறது. காலைத் தூக்கும்போது மூட்டுத் திரவத்தில் இருந்து ஊட்டத்தோடு திரும்ப உள்ளே போகிறது. நடப்பதால்தான் அதற்குச் சாப்பாடு கிடைக்கிறது. பிதுங்கிய நீர்ப்படலத்தின் மேலேயே இரண்டு பரப்புகளும் வழுக்குகின்றன. பனிக்கட்டியின் மேல் பனிக்கட்டி வழுக்குவதைவிட இங்கே உராய்வு குறைவு. அதுவும் எந்தப் பாரத்தின் கீழ்? சாதாரணமாக நடக்கும்போதே இடுப்பு மூட்டில் உடல் எடையின் இரண்டரை மடங்கு அளவில் அழுத்தம் விழுகிறது. பேர்லினில் அளவுக் கருவி பொருத்திய செயற்கை மூட்டுகளைச் சிலருக்கு வைத்து அளந்தார்கள். கால் இடறித் தடுமாறும் கணத்தில் அழுத்தம் எட்டு மடங்கையும் தாண்டியது. ஆண்டுக்குப் பத்து இலட்சம் தடவை அளவில் ஒவ்வொரு காலும் நிலத்தை ஊன்றுகிறது. எழுபது ஆண்டு இப்படி ஓடக்கூடிய இயந்திரத்தை மனிதன் இன்னும் செய்யவில்லை.

குருத்தெலும்பில் இரத்தமும் நரம்பும் இல்லாததைக் குறையாகவும் சொல்ல வேண்டும். இரத்தம் ஓடாத இழையம் தன்னைத் தானே திருத்திக்கொள்ளாது. நரம்பு இல்லாததால் தேயத் தொடங்கும்போது வலிக்கவும் மாட்டாது. வலி தெரியும் நேரத்தில் தேய்வு கீழேயுள்ள எலும்பு வரை போயிருக்கும்.

தேய்ந்த இடத்தில் எதை வைப்பது? 1890இல் பேர்லினில் தெமிஸ்ரொக்கிளஸ் குளூக் யானைத் தந்தத்தில் முழங்கால் மூட்டுச் செய்து பொருத்தினார். அவருடைய நோயாளிகளின் மூட்டுகளில் காசநோய்க் கிருமி இருந்தது. எல்லாம் பழுதாகிப் போயின. 1923இல் பொஸ்ரனில் சிமித்-பீற்றர்சன் கண்ணாடிக் கிண்ணம் ஒன்றைத் தொடை எலும்பின் தலையில் கவிழ்த்தார். அது உடைந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் பரிசில் ஜூடே சகோதரர்கள் அக்கிரிலிக் உருண்டை போட்டார்கள். அந்த உருண்டை போட்ட ஒருவர் அசையும்போதெல்லாம் மூட்டு கிரீச்சிட்டது. அவருடைய மனைவியால் அந்தச் சத்தத்தைத் தாங்க முடியவில்லை.

அந்தக் கிரீச்சிடலைப் பற்றி யோசித்தவர் ஜோன் சார்ன்லி. இங்கிலாந்தின் லங்காஷயரில் காசநோயாளருக்கென்று கட்டப்பட்ட ரைற்றிங்ரன் வைத்தியசாலையில் வேலை செய்த சத்திரசிகிச்சை நிபுணர். சத்தம் வருகிறதென்றால் உராய்வு கூட இருக்கிறது. உராய்வு கூடினால் பொருத்திய உருண்டை எலும்பில் இருந்து கழன்றுவிடும். ஆகவே வழுக்கும் பொருள் வேண்டும். 1950களின் கடைசியில் அவர் தேர்ந்தெடுத்தது ரெஃப்லோன். இன்று ஒட்டாத தாச்சிகளில் பூசப்படும் அதே பொருள். குழிக்கு ரெஃப்லோன் கிண்ணம், தொடை எலும்பில் உலோக உருண்டை. இரண்டையும் எலும்போடு பிடித்து வைக்கப் பல் வைத்தியர்கள் பொய்ப்பல் கட்டப் பயன்படுத்தும் அக்கிரிலிக் பசை. பசை என்றாலும் அது ஒட்டுவதில்லை. எலும்பின் நுண்ணிய துளைகளுக்குள் புகுந்து இறுகி, பாரத்தைச் சமமாகப் பகிர்ந்துவிடுகிறது. ஆண்டுக் கணக்கில் நடக்காதவர்கள் நோவில்லாமல் நடந்தார்கள். சார்ன்லி 300 பேர் அளவுக்கு இந்த மூட்டைப் பொருத்தினார்.

மூன்று நான்கு ஆண்டுக்குள் ஒவ்வொருவராகத் திரும்ப வந்தார்கள். ரெஃப்லோன் வழுக்கியது உண்மை, ஆனால் தேய்ந்தது. தேய்ந்த தூளைச் சுற்றி உடம்பு வீங்கிக் கட்டி பிடித்தது, எலும்பு கரைந்தது. சார்ன்லி தான் போட்ட மூட்டுகளைத் தானே கழற்ற வேண்டியிருந்தது. இந்தக் கட்டத்தில் அவர் செய்த காரியத்துக்காகவே அவரை நான் பெரிய மனிதராக மதிக்கிறேன். ரெஃப்லோன் தூளைத் தன் சொந்தத் தொடையில் ஊசி மூலம் ஏற்றிக்கொண்டார். மாதக் கணக்கில் காத்திருந்து, அங்கே கட்டி வளர்வதைத் தொட்டுப் பார்த்து, அதை 1963இல் மருத்துவ இதழான லான்செற்றில் எழுதினார்.

மாற்றுப் பொருள் வந்த வழி யாரும் எதிர்பாராதது. லங்காஷயர் நெசவாலைகளின் ஊர். அங்கே தறிகளுக்குப் பிளாஸ்ரிக் பல்சக்கரம் விற்கும் ஒருவர் 1962இல் ஒரு பிளாஸ்ரிக் துண்டோடு வைத்தியசாலையின் ஆய்வுகூடத்துக்கு வந்தார். மூலக்கூறு மிக நீண்ட ஒருவகைப் பொலித்தீன். கடையில் சாமான் கட்டித் தரும் பைக்கு இது நெருங்கிய உறவு; மூலக்கூற்றுச் சங்கிலி பல மடங்கு நீளம் என்பதால் அதைவிடப் பல மடங்கு உறுதி. சார்ன்லி அதில் பெருவிரல் நகத்தை அழுத்திப் பார்த்தார். நகம் பதிந்தது. இது சரிவராது என்று சொல்லிவிட்டு ஒரு மாநாட்டுக்காக வெளிநாடு போனார். ஆய்வுகூடத் தொழில்நுட்பவியலாளர் ஹரி கிறேவன் அந்தத் துண்டை எறியவில்லை. தேய்வை அளக்கும் இயந்திரத்தில் அதைப் பூட்டி ஓடவிட்டார். இரவு பகலாக மூன்று வாரம் ஓடியும், ரெஃப்லோன் ஒரே நாளில் தேயும் அளவுக்குக்கூட அது தேயவில்லை. 1962 நவம்பரில் முதல் பொலித்தீன் கிண்ணம் ஒரு நோயாளியின் இடுப்பில் ஏறியது. இன்று உலகெங்கும் போடப்படும் மூட்டுகளில் பெரும்பாலானவற்றின் அடிப்படை அந்தச் சேர்க்கைதான்: ஒரு பக்கம் உலோகமோ பீங்கானோ, மறுபக்கம் பொலித்தீன். ஹரி கிறேவனின் பெயர் பாடப்புத்தகங்களில் அரிதாகவே வருகிறது. அவருடைய பிடிவாதம் இல்லாவிட்டால் இந்தக் கதை எத்தனை காலம் பிந்தியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

சார்ன்லி இன்னும் இரண்டு வேலைகள் செய்தார். உருண்டையின் விட்டத்தை 22 மில்லிமீற்றர் அளவுக்குக் குறைத்தார். மனிதனின் சொந்த உருண்டையில் பாதிகூட இல்லை. சிறிய உருண்டை சுழலும்போது கிண்ணத்தைத் திருகும் விசை குறையும், கிண்ணம் கழலாது என்பது அவருடைய கணக்கு. அடுத்தது கிருமி. அந்தக் காலத்தில் இந்தச் சத்திரசிகிச்சைக்குப் பின் நூற்றுக்கு ஏழு பேர் அளவில் மூட்டில் சீழ் பிடித்தது. வடிகட்டிய காற்று மேலிருந்து கீழே இறங்கும் கூடாரத்தை அமைத்து, சார்ன்லியும் குழுவினரும் தங்கள் மூச்சுக் காற்று நோயாளியின் மேல் படாத உடையோடு அதற்குள் நின்று வேலை செய்தார்கள். சீழ் பிடிப்பது நூற்றுக்கு ஒன்று என்ற அளவுக்கு இறங்கியது. இறந்தபின் தங்கள் மூட்டைக் கழற்றி ஆராயத் தர வேண்டும் என்று சார்ன்லி நோயாளிகளிடம் கேட்டுவைத்தார், பலர் தந்தார்கள். இருபது ஆண்டு ஓடிய ஒரு கிண்ணம் எவ்வளவு தேய்ந்தது என்று உலகம் அறிந்தது அவர்களுடைய கொடையால்தான்.

தேய்வு இன்றைக்கும் முற்றாகத் தீரவில்லை. பொலித்தீன் தூளைக் கிருமி என்று எண்ணி உடம்பின் காவற்கலங்கள் விழுங்குகின்றன. செரிக்க முடியாமல் அவை அனுப்பும் இரசாயனச் செய்தி, எலும்பைக் கரைக்கும் கலங்களைத் தட்டி எழுப்புகிறது. உலோகம் நல்லபடி இருக்க, அதைப் பிடித்திருக்கும் எலும்பு கரைந்து மூட்டு ஆடத் தொடங்குகிறது. 1990களின் கடைசியில் இருந்து பொலித்தீனைக் கதிர்வீச்சில் வைத்து அதன் சங்கிலிகளைக் குறுக்கே பின்னிவிடுகிறார்கள். தேய்வு வெகுவாகக் குறைந்திருக்கிறது. அவுஸ்திரேலியா, பின்லாந்து போன்ற நாடுகளின் பதிவேடுகளைக் கொண்டு 2019இல் லான்செற்றில் வந்த கணிப்பு ஒன்று: 25 ஆண்டுக்குப் பின்னும் இடுப்பு மூட்டுகளில் 58 வீதமும் முழங்கால் மூட்டுகளில் 82 வீதமும் வேலை செய்கின்றன. இவை பெரும்பாலும் பழைய வகை மூட்டுகள்.

முழங்காலுக்கு வருவோம். வன்னிக்கு அதுவே பெரிய விசயம்.

இடுப்பு, குழிக்குள் சுழலும் உருண்டை. முழங்கால் பார்வைக்குப் பிணைச்சல் போல இருக்கும். ஆரம்பத்தில் உலோகப் பிணைச்சல்களையே போட்டுப் பார்த்தார்கள், அவை சீக்கிரம் கழன்றன. முழங்கால் மடங்கும்போது தொடை எலும்பு உருளவும் செய்கிறது, வழுக்கவும் செய்கிறது, கடைசியில் கொஞ்சம் திருகவும் செய்கிறது. கனடாவில் இருந்து ரைற்றிங்ரனுக்குப் பயிற்சிக்கு வந்த பிராங்க் கன்ஸ்ரன்தான் இந்த உருளலுக்கு இடம் கொடுக்கும் மூட்டை 1968 அளவில் செய்தார். 1970களில் நியூயோர்க்கில் ஜோன் இன்சோல் குழுவினர் செய்த மூட்டு இன்றைய வடிவத்துக்கு வழி காட்டியது. முழங்கால் மாற்றம் என்றதும் முழங்காலையே வெட்டி எடுத்துவிடுவார்கள் என்று பலர் பயப்படுகிறார்கள். அப்படியல்ல. தொடை எலும்பின் கீழ்முனையிலும் கணைக்கால் எலும்பின் மேல்முனையிலும் ஒரு சென்ரிமீற்றருக்கும் குறைவான தடிப்பில் சீவி எடுக்கிறார்கள். அந்த அளவுக்கே உலோகக் கவசமும் நடுவில் பொலித்தீன் தட்டும் போகின்றன. இடுப்பு மூட்டின் நடுவில் இருந்து கணுக்காலின் நடுவுக்கு ஒரு கோடு போட்டால் அது புதிய மூட்டின் நடுவால் போக வேண்டும். காலை நீட்டும்போதும் மடக்கும்போதும் இரு பக்கத்துத் தசைநார்களும் ஒரே இறுக்கத்தில் இருக்க வேண்டும். சத்திரசிகிச்சை நிபுணரின் கைத்திறன் தெரிவது இந்த இறுக்கத்தில்தான்.

எங்கள் ஆட்களுக்கு இடுப்பைவிட முழங்கால் ஏன் இவ்வளவு தேய்கிறது? பெய்ஜிங் நகர முதியவர்களையும் அமெரிக்காவின் பிரேமிங்காம் நகர முதியவர்களையும் ஒப்பிட்டு 2000களின் தொடக்கத்தில் வந்த ஆய்வுகள் ஒரு விடையைக் காட்டின. சீனர்களுக்கு இடுப்பு மூட்டுத் தேய்வு மிக அரிது. சீனப் பெண்களுக்கு முழங்கால் தேய்வோ அமெரிக்கப் பெண்களைவிட அதிகம். இளவயதில் நாளுக்கு எத்தனை மணித்தியாலம் குந்தி இருந்தார்கள் என்று கேட்டபோது, கூடக் குந்தியவர்களுக்குத் தேய்வும் கூடியிருந்தது. வன்னியில் ஒரு பெண்ணின் நாளை நினைத்துப் பாருங்கள். அடுப்படியில் குந்தல், கச்சான் பிடுங்கக் குந்தல், மிளகாய்த் தோட்டத்தில் களை எடுக்கக் குந்தல், கிடுகு பின்னச் சப்பாணி, கோயிலில் சப்பாணி. தேய்வு பெரும்பாலும் முழங்காலின் உட்பக்கத்தில் தொடங்குகிறது. மெல்ல மெல்லக் கால்கள் வில்லாக வளைகின்றன. வளைய வளைய உட்பக்கத்துக்கே இன்னும் பாரம் போகிறது.

புதிய முழங்கால் நோவை எடுத்துவிடும். குந்த விடாது என்பதை முன்னரே சொல்லிவிடுவது நேர்மை. அது வழக்கமாக 110, 120 பாகை வரை மடங்கும். முழுதாகக் குந்துவதற்கு 150 பாகை அளவு வேண்டும். ஆகவே சத்திரசிகிச்சைக்கு முன் வீட்டைச் சரிசெய்ய வேண்டும்: கொமட், உயரமான கதிரை, நின்று சமைக்கக்கூடிய அடுப்பு மேடை, பாய்க்குப் பதில் கட்டில். ஐம்பதை எட்டாத, இன்னும் வயலில் வேலை செய்ய வேண்டிய ஒருவருக்கு உட்பக்கம் மட்டும் தேய்ந்திருந்தால், மூட்டை மாற்றாமல் கணைக்கால் எலும்பை வெட்டிச் சரிவை நேராக்கிப் பாரத்தை நல்ல பக்கத்துக்கு அனுப்பும் சத்திரசிகிச்சையும் உண்டு. சொந்த மூட்டு மிஞ்சும், குந்தவும் ஏலும். கமக்காரருக்கு இது பல வேளை சிறந்த வழி. வைத்தியரிடம் கேட்க வேண்டிய கேள்வி.

குந்தும் மக்களுக்கென்று யோசித்த ஒரு சத்திரசிகிச்சை நிபுணர் எங்கள் கடலுக்கு அக்கரையிலேயே இருந்தார். மியன்மாரின் மண்டலே பொது வைத்தியசாலையில் சான் பா 1960இல், கழுத்து முறிந்து பொருந்தாமல் போன 83 வயதுப் பௌத்த பிக்குணி ஒருவருக்கு யானைத் தந்தத்தில் தொடைத் தலை செய்து பொருத்தினார். உலோகம் விலை கூட. தந்தம் உள்ளூரில் கிடைத்தது. 300க்கும் மேற்பட்டவர்களுக்கு அவர் தந்த உருண்டை போட்டார். குந்தவும் சைக்கிள் ஓடவும் கூடியவர்களாக அவர்கள் எழும்பினார்கள். 1969இல் இலண்டன் மாநாட்டில் அவர் அந்த விபரங்களை வைத்தார். தந்தத்தை இன்று யாரும் தொட முடியாது, தொடவும் கூடாது. கையில் உள்ளதைக் கொண்டு தன் மக்களின் வாழ்க்கைக்கு ஏற்ப ஒரு மூட்டைச் சிந்தித்த அந்த மனம் எங்களுக்கும் வேண்டும்.

வன்னியின் கால்களுக்கு இன்னொரு கணக்கும் இருக்கிறது. போரில் ஒரு காலை இழந்தவர்கள். 2009இல் இருபது வயதில் காலை இழந்த ஒருவர் இப்போது நாற்பதை நெருங்குகிறார். வெட்டிய காலுக்கு நாம் பொய்க்கால் கொடுத்தோம். 1968இல் ஜெய்ப்பூரில் மருத்துவர் சேத்தியும் கைவினைஞர் ராம் சந்திர சர்மாவும் செய்த பாதம், சேற்றில் இறங்கவும் குந்தவும் இடம் தந்ததால், எங்கள் மண்ணுக்கு அப்படியே பொருந்தியது; 1987இல் தொடங்கிய யாழ்ப்பாணம் ஜெய்ப்பூர் நிறுவனம் அதை ஆயிரக்கணக்கானவர்களுக்குப் போட்டுவிட்டது. மறந்துவிட்டது மற்றக் காலை. பொய்க்கால் போட்டவர் அறியாமலே முழு உடலையும் நல்ல காலில் சாய்க்கிறார். கால் இழந்த அமெரிக்க முன்னாள் படையினரை ஆராய்ந்தபோது, இருக்கும் காலின் முழங்கால் நோவு மற்றவர்களைவிட அவர்களுக்கு அதிகமாக இருந்தது. வயலிலும் கரைவலையிலும் உழைக்கும் ஒருவருக்கு அது சீக்கிரமே வரும். நாற்பதில் மூட்டை மாற்றினால் வாழ்நாளில் இன்னொருமுறை மாற்ற வேண்டி வரலாம். இரண்டாவது மாற்றம் முதலாவதைவிடக் கடினம். ஆகவே இவர்களுக்குச் செய்ய வேண்டியது இப்போதே: தேய்ந்த பொய்க்காலை உயரம் சரிபார்த்து மாற்றுவது, இயன்மருத்துவரிடம் தொடைத் தசையைப் பலப்படுத்தும் பயிற்சி எடுப்பது, எடையைக் குறைப்பது. ஒரு கிலோ குறைந்தால் ஒவ்வொரு அடியிலும் முழங்காலில் நான்கு கிலோப் பாரம் குறைகிறது என்று அளந்து சொல்லியிருக்கிறார்கள்.

போரில் பாய்ந்த செல் பீஸ் (எறிகணைத் துண்டு) உடம்பில் இருப்பவர்கள் அதை வைத்தியரிடம் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். பழைய காயத்து எலும்பில் கிருமி பத்துப் பதினைந்து ஆண்டு சத்தமில்லாமல் ஒளிந்திருக்கக்கூடும்; புதிய மூட்டு உள்ளே போனதும் அது விழித்துக்கொள்ளும். அதனால் இரத்தத்தையும், தேவையென்றால் மூட்டு நீரையும் முதலில் சோதிப்பார்கள். முழங்காலில் பழைய தழும்பு இருந்தால் புதிய வெட்டை எங்கே போடுவது என்பதே ஒரு தனிக் கலை. தவறினால் இரண்டு வெட்டுக்கும் இடைப்பட்ட தோல் செத்துப்போகும். எந்த மூட்டு மாற்றத்துக்கும் முன் சொத்தைப் பல், சிறுநீர்க் கிருமி, விரலிடைச் சேற்றுப்புண் எல்லாம் ஆறியிருக்க வேண்டும். நீரிழிவு கட்டுப்பாட்டில் இருக்க வேண்டும். வயலில் இருந்து நேரே வந்து படுக்கும் ஒருவரின் காலில் சேற்றுப்புண்ணைக் கண்டு வைத்தியர் திகதியைத் தள்ளிவைத்தால் கோபப்படாதீர்கள். அந்த மூட்டைக் காப்பாற்றுவதற்காகத்தான் தள்ளிவைக்கிறார்.

மூட்டு நோவுக்கென்று பெயர் தெரியாத குளிசைகளை விழுங்குவதையும் நிறுத்துங்கள். அவற்றில் ஸ்ரெரொயிட் கலந்திருக்கலாம். ஸ்ரெரொயிட்டை நீண்ட நாள் எடுப்பதும், அளவுமீறிய குடியும், முறிவே இல்லாமல் தொடைத் தலையைச் சாகடிக்கும் இரண்டு பெரிய காரணங்கள்.

அரச வைத்தியசாலையில் சத்திரசிகிச்சைக்குக் கட்டணம் இல்லை. பொருத்தும் மூட்டைச் சில வேளை குடும்பமே வாங்க வேண்டி வரும்; அதை வைத்தியசாலையில் முன்கூட்டியே கேளுங்கள், ஜனாதிபதி நிதியத்தின் மருத்துவ உதவி கிடைக்குமா என்பதையும் விசாரியுங்கள். கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா மாவட்டப் பொது வைத்தியசாலைகளில் காட்டினால், தேவையானவரை யாழ்ப்பாணம் அல்லது அநுராதபுரம் போதனா வைத்தியசாலைக்கு அனுப்பிவைப்பார்கள். கிளிநொச்சியில் இருந்து யாழ்ப்பாணம் எழுபது கிலோமீற்றருக்குள்தான்.

வீட்டில் முதியவர் ஒருவர் விழுந்து எழும்ப முடியாமல் கிடந்தால், தூக்கி நிறுத்திப் பார்க்காதீர்கள், காலை இழுக்காதீர்கள், எண்ணெய் தேய்க்காதீர்கள். இரண்டு கால்களுக்கும் நடுவில் தலையணை ஒன்றை வைத்து, அசையாமல் சேர்த்துக் கட்டுங்கள். ஒப்பரேசன் செய்ய வேண்டி வரலாம் என்பதால் வைத்தியர் பார்க்கும் வரை சாப்பிடக் கொடுக்காதீர்கள். அவர் வழமையாக எடுக்கும் குளிசைகளையும் கிளினிக் கொப்பியையும் கையில் எடுங்கள். 1990 என்ற அம்புலன்ஸ் இலக்கத்தை அழையுங்கள். அந்த அம்புலன்ஸ் 2018 முதல் வட மாகாணத்திலும் ஓடுகிறது. அதற்குக் காசு இல்லை.